காப்பாற்றுவதற்காகப் பூட்டிய கதவுகள்

பினாங்கில் எழுபது வயதை எட்டிய பெண்களிடம் ஐரிஷ் கன்னியாஸ்திரீகளைப் பற்றிக் கேட்டுப் பாருங்கள். லைட் ஸ்ட்ரீட் கான்வெண்ட்டிலோ புலாவ் திக்குஸ் கான்வெண்ட்டிலோ படித்தவர்களாக இருந்தால் முதலில் அவர்களுடைய கண்டிப்பைச் சொல்வார்கள், பிறகு நன்றியைச் சொல்வார்கள். ஆங்கிலமும் கணக்கும் தையலும் சொல்லிக்கொடுத்து, ஆசிரியைகளாகவும் தாதியராகவும் அலுவலக எழுத்தர்களாகவும் பெண்களை வேலைக்கு அனுப்பிவைத்தவர்கள் அந்தச் சகோதரிகள். லைட் ஸ்ட்ரீட் கான்வெண்ட்டை 1852இல் தொடங்கியவர்கள் குழந்தை இயேசு சபையைச் சேர்ந்த பிரெஞ்சுக்காரர்கள். 1909இல் அந்தச் சபை அயர்லாந்தின் கார்க் மாவட்டத்தில் டிரிஷேன் என்ற இடத்தில் ஒரு மடத்தைத் திறந்தது. பல பத்தாண்டுகளுக்கு அங்கிருந்துதான் இளம் ஐரிஷ் பெண்கள் மலாயாவுக்கும் சிங்கப்பூருக்கும் ஜப்பானுக்கும் கப்பலேறினார்கள்.

அதே காலத்தில், அதே மாவட்டத்தின் தலைநகரான கார்க்கில், வேறு இரண்டு சபைகளின் மடங்களுக்குள் ஐரிஷ் பெண்கள் கூலியில்லாமல் ஊரார் துணியை வெளுத்துக்கொண்டிருந்தார்கள். நினைத்த நேரத்தில் வெளியே போக அவர்களுக்கு வழியில்லை. சிலர் இருபது வயதில் உள்ளே போய் எண்பது வயதில் பிணமாகத்தான் வெளியே வந்தார்கள்.

சலவைக்கூடங்களை நடத்திய சபைகளில் குழந்தை இயேசு சபை இல்லை. அதை முதலிலேயே சொல்லிவிட வேண்டும். நம் ஊர்ச் சகோதரிகள் மேல் அவர்கள் செய்யாத பழியைச் சுமத்துவது என் நோக்கம் அல்ல. ஆனால் எங்கோ மழைபெய்யும் ஒரு தீவில் நடந்தது என்று அந்த வரலாற்றைப் படித்துவிட்டு மூடிவைக்கவும் பினாங்குக்காரர்களால் முடியாது. பெண்ணைக் காப்பாற்றுகிறோம் என்று சொல்லி அவளைப் பூட்டிவைக்கும் ஏற்பாடு இந்தத் தீவிலும் இருந்தது. இங்கே அது திருச்சபை இல்லாமலே நடந்தது. இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் பூட்டு யார் கையில் இருந்தது என்பது புரியும்.

அந்தச் சலவைக்கூடங்கள் இயங்கிய மகதலேனா இல்லங்கள் ஐரிஷ் கத்தோலிக்கரின் கண்டுபிடிப்பு அல்ல. லண்டனில் 1758இலேயே அப்படி ஒன்று தொடங்கப்பட்டது. அயர்லாந்தில் முதல் இல்லம் 1767இல் டப்ளின் லீசன் தெருவில் திறக்கப்பட்டது. தொடங்கியவர் அராபெல்லா டென்னி என்ற புராட்டஸ்டண்ட் சீமாட்டி. விபசாரத்திலிருந்து மீள விரும்பும் பெண்களுக்குத் தற்காலிகத் தங்குமிடம் என்பதுதான் தொடக்க எண்ணம். 19ஆம் நூற்றாண்டின் பதிவேடுகளை ஆராய்ந்த மரியா லூடி போன்ற வரலாற்றாசிரியர்கள், அக்காலத்துப் பெண்களில் பலர் தாமாகவே வந்தார்கள், தாமாகவே போனார்கள் என்று காட்டியிருக்கிறார்கள். குளிர்காலத்தில் வந்து தங்கி, வெயில் வந்ததும் கிளம்பியவர்களும் உண்டு. நூறாண்டுக்குள் அது மாறிப்போனது. கதவை மூடச் சொல்லி எந்த நாடாளுமன்றமும் சட்டம் இயற்றவில்லை. நாட்டு வழக்கமே அதை மூடியது.

1922இல் நாடு விடுதலை பெற்றபோது கத்தோலிக்க சபைகள் நடத்திய சலவைக்கூடங்கள் பத்து இருந்தன. டப்ளினில் மூன்று, அதன் துறைமுகப் புறநகரான டன்லேரியில் ஒன்று, கார்க்கில் இரண்டு, லிமரிக், வாட்டர்ஃபோர்டு, நியூ ராஸ், கால்வே ஆகிய ஊர்களில் ஒவ்வொன்று. நடத்தியவை நான்கு பெண் துறவற சபைகள். அவற்றில் ஒன்றான நல்லாயன் சபையைத் தமிழ்க் கத்தோலிக்கர் நன்றாக அறிவார்கள்.

அங்கே அனுப்பப்பட்டவர்களைப் பற்றி இன்னும் ஒரு தவறான எண்ணம் உலவுகிறது. எல்லோரும் மணமாகாமல் குழந்தை பெற்றவர்கள் என்று நினைக்கிறார்கள். அவர்களும் இருந்தார்கள். ஆனால் தாய் இறந்துபோனதால் வீட்டில் இடமில்லாமல் போன பெண்ணும் இருந்தாள். அரசு உதவியோடு நடந்த தொழிற்பள்ளியில் வளர்ந்து, பதினாறு வயதானதும் போக்கிடமின்றி நேராகச் சலவைக்கூடத்துக்கு மாற்றப்பட்டவள் இருந்தாள். சொந்தக்காரனால் கெடுக்கப்பட்டு, வெளியே சொல்லிவிடுவாளோ என்ற பயத்தில் அனுப்பப்பட்டவள் இருந்தாள். சிறு திருட்டுக்காக நீதிமன்றம் நன்னடத்தைக் காலத்தைக் கழிக்க அனுப்பியவள் இருந்தாள். அறிவு வளர்ச்சி குன்றியவள் இருந்தாள். சில இடங்களில், அழகாக இருக்கிறாள், கெட்டுப்போய்விடுவாள் என்ற முன்னெச்சரிக்கையே போதுமான காரணமாக இருந்திருக்கிறது.

உள்ளே போனதும் பெயர் போய்விடும். ஒரு புனிதையின் பெயரோ எண்ணோ வழங்கப்படும். முடி வெட்டப்படும். பேசக் கூடாத நேரங்கள் நீண்டவை. ஓட்டல்கள், மருத்துவமனைகள், இராணுவம், அரசுத் துறைகள் எல்லாம் அங்கே துணி போட்டன. பணம் சபைக்குச் சேர்ந்தது. பெண்களுக்குக் கூலி இல்லை, காப்புறுதிச் சந்தாவும் கட்டப்படவில்லை. அதனால் வயதான பிறகு ஓய்வூதியமும் இல்லாமல் போனது. ஓடிப்போனவர்களைக் காவல்துறை பிடித்துக்கொண்டு வந்து திரும்ப விட்டது. பல பெண்கள் எவ்வளவு காலம் இருக்க வேண்டும் என்பதே தெரியாமல் இருந்தார்கள். சிறைக் கைதிக்கு விடுதலை நாள் உண்டு, இவர்களுக்கு அதுவும் கிடையாது.

ஆயிர் ஈத்தாம் சாலைப் பக்கத்து வண்ணாந்துறையைப் பினாங்குத் தமிழர்கள் அறிவார்கள். பட்டணத்துத் துணியை ஆற்றுத் தண்ணீரில் அடித்து வெளுத்த தமிழ்க் குடும்பங்களின் பேட்டை அது. உடம்பை முறிக்கும் வேலை. சாதியின் பெயரால் இழிவும் அதோடு சேர்ந்துவந்தது. ஆனால் அந்தக் குடும்பங்கள் துணிக்குக் காசு வாங்கின, மாலையில் தம் பிள்ளைகளோடு சோறு உண்டன. அயர்லாந்தில் அதே வேலையைப் பாவப் பரிகாரம் என்றார்கள். பரிகாரத்துக்குக் கூலி கேட்க முடியாது.

ஏன் இப்படி ஆயிற்று என்பதற்கு ஆய்வாளர்கள் சொல்லும் காரணங்கள் பல. 1840களின் பஞ்சத்துக்குப் பிறகு ஐரிஷ் உழவுக் குடும்பங்கள் நிலத்தைப் பங்கு போடுவதை நிறுத்தி, ஒரே மகனுக்குக் கொடுத்தன. மகளின் திருமணம் சீதனத்தையும் நற்பெயரையும் பொறுத்ததாக ஆனது. பெயர் கெட்ட ஒரு பெண் குடும்பத்தின் நிலக்கணக்கையே குலைத்துவிடுவாள். இதைத் தமிழருக்கு விளக்க வேண்டியதில்லை. அதன்மேல் விடுதலை பெற்ற புதிய நாடு, ஆங்கிலேயரைவிட நாங்கள் தூய்மையானவர்கள் என்று நிரூபிக்கத் துடித்தது. 1935இல் கருத்தடைச் சாதனங்களின் விற்பனையைத் தடைசெய்தது. ஜேம்ஸ் ஸ்மித் 2007இல் வெளியிட்ட நூலில், சலவைக்கூடம், தொழிற்பள்ளி, தாய்சேய் இல்லம், மனநல மருத்துவமனை எல்லாம் சேர்ந்து ஒரே கட்டடக் கலை என்றார். வெட்கத்தைக் கண்ணுக்குத் தெரியாமல் அடைத்துவைக்கும் கலை. ஓயின் ஓ சல்லிவன், இயன் ஓ டானல் என்ற இரு ஆய்வாளர்கள் இன்னும் ஒரு படி போய் எண்ணிக் காட்டினார்கள். 1951இல் ஐரிஷ் மக்களில் நூற்றுக்கு ஒருவருக்கும் மேற்பட்டோர் இப்படி ஏதோ ஒரு சுவருக்குள் இருந்தார்கள். பெரும்பங்கு மனநல மருத்துவமனைகளில். அவ்வளவு பேரை அடைத்துவைக்கச் சபைகளால் மட்டும் ஆகாது. மருத்துவர் கையெழுத்திட்டார், பங்குச் சாமியார் பரிந்துரைத்தார், தகப்பன் வண்டியில் ஏற்றிக்கொண்டு போனார்.

இந்த ஏற்பாடு குலைந்ததற்கு மனமாற்றத்தைவிடச் சாதாரணக் காரணங்களே அதிகம். வீட்டுக்கு வீடு துணி துவைக்கும் இயந்திரம் வந்தது. 1973இல் மணமாகாத தாய்க்கு அரசு உதவித்தொகை தரத் தொடங்கியது. கையில் பணம் வந்ததும் குழந்தையை வைத்துக்கொள்ளத் தாய்க்குத் துணிவு வந்தது. கடைசிச் சலவைக்கூடம், டப்ளின் ஷான் மக்டெர்மட் தெருவில் இருந்தது, 1996 அக்டோபர் 25 அன்று மூடப்பட்டது.

அதற்கு மூன்று ஆண்டுகள் முன்னதாகவே அமைதி கலைந்திருந்தது. டப்ளின் ஹை பார்க் மடம் 1993இல் தன் நிலத்தின் ஒரு பகுதியை விற்றது. அதில் மகதலேனா பெண்களின் புதைகுழிகள் இருந்தன. 133 உடல்களைத் தோண்டியெடுக்க அனுமதி வாங்கினார்கள். தோண்டத் தோண்ட இன்னும் 22 உடல்கள் கிடைத்தன. பலருக்கு இறப்புப் பதிவே இல்லை. அந்த உடல்களை எரித்துச் சாம்பலைக் கிளாஸ்னெவின் இடுகாட்டில் சேர்த்தார்கள். ஒரு பெண் இறந்துபோனதைக்கூட அரசுக்குத் தெரிவிக்கத் தேவையில்லை என்று ஒரு நிறுவனம் நினைக்க முடிந்தது என்றால், அவள் உயிரோடு இருந்தபோது அவள் கணக்கை யார் கேட்டிருப்பார்கள்?

பெண்களும் அவர்களுடைய பிள்ளைகளும் போராடத் தொடங்கினார்கள். 2003இல் 'மகதலேனாக்களுக்கு நீதி' என்ற அமைப்பு உருவாயிற்று. சொந்த அரசு காது கொடுக்காததால் ஐக்கிய நாடுகளின் சித்திரவதைத் தடுப்புக் குழுவிடம் போனார்கள். 2011இல் அந்தக் குழு விசாரணை வேண்டும் என்று அயர்லாந்திடம் சொன்னது. மார்ட்டின் மக்காலீஸ் தலைமையிலான அரசுக் குழு 2013 பிப்ரவரியில் அறிக்கை தந்தது. 1922க்குப் பிறகு குறைந்தது 10,000 பெண்கள் உள்ளே போயிருக்கிறார்கள். எப்படி வந்தார்கள் என்பது தெரிந்த நுழைவுகளில் 26.5 விழுக்காடு அரசின் வழியாக நடந்தவை. இரண்டு வாரத்தில் பிரதமர் எண்டா கென்னி நாடாளுமன்றத்தில் கண் கலங்கி மன்னிப்புக் கேட்டார். நீதிபதி ஜான் குவிர்க் வகுத்த திட்டப்படி இழப்பீடு கொடுக்கப்பட்டது. நான்கு சபைகளும் அந்த நிதிக்கு ஒரு காசும் தர மறுத்துவிட்டன.

அறிக்கையில் எனக்கு உடன்பாடில்லாத இடம் ஒன்று உண்டு. பெண்கள் பெரும்பாலும் சில மாதங்களே இருந்தார்கள் என்ற தோற்றத்தை அது தருகிறது. ஆனால் பாதிக்கும் மேற்பட்டவர்கள் எவ்வளவு காலம் இருந்தார்கள் என்பது பதிவில் இல்லை. இருக்கும் பதிவிலிருந்து எடுத்த கணக்கு அது. பிறகு தன்னார்வ ஆய்வாளர் கிளேர் மக்கெட்ரிக் வாக்காளர் பட்டியல்களையும் கல்லறையில் பொறித்த பெயர்களையும் ஒப்பிட்டு, 1950களில் பட்டியலில் இருந்த பெண்களில் பலர் சாகும்வரை அதே முகவரியில் இருந்ததைக் காட்டினார். விடுபட்ட ஏடுகளைச் சராசரி எடுத்து நிரப்பக் கூடாது என்பதை அரசுக் குழுவுக்கு ஒரு தன்னார்வலர் கற்றுக்கொடுக்க வேண்டியிருந்தது.

மணமாகாத பெண்கள் பிள்ளை பெற அனுப்பப்பட்ட தாய்சேய் இல்லங்களின் கதை இதைவிடக் கொடியது. கால்வே மாவட்டத்து டூவம் ஊரில் பான் செக்கூர் சபையினர் 1925 முதல் 1961 வரை நடத்திய இல்லத்தில் 796 குழந்தைகள் இறந்ததற்கான சான்றிதழ்களை உள்ளூர் வரலாற்று ஆர்வலர் கேத்தரின் கார்லஸ் தேடியெடுத்தார். அடக்கம் செய்த பதிவு மட்டும் இல்லை. 2017இல் அங்கே பழைய கழிவுநீர்த் தொட்டியோடு தொடர்புடைய நிலத்தடி அறைகளில் குழந்தைகளின் எலும்புகள் கிடைத்தன. முறையான அகழ்வு 2025 ஜூலையில்தான் தொடங்கியது. 18 நிறுவனங்களை ஆராய்ந்த அரசு ஆணையம் 2021 ஜனவரியில் தந்த கணக்கு: ஏறத்தாழ 56,000 தாய்மார்கள், 57,000 குழந்தைகள், இறந்த குழந்தைகள் சுமார் 9,000. அந்த ஆணையம் முதன்மைப் பொறுப்பைக் குழந்தைகளின் தகப்பன்மார் மேலும் பெண்களின் குடும்பங்கள் மேலும் வைத்தது. அரசும் திருச்சபைகளும் அதை ஆதரித்தன, கண்டுகொள்ளாமல் விட்டன என்றது. உயிரோடிருக்கும் தாய்மார்கள் கொதித்தார்கள். அவர்கள் கொதித்தது நியாயம். குடும்பம் மகளைத் தள்ளிவிட்டது உண்மைதான். ஆனால் தள்ளிவிடப்பட்டவளுக்கு வேறொரு வாசலைத் திறந்துவைக்க வேண்டிய அரசு, ஒரே ஒரு வாசலுக்குத்தான் தலைக்கு இவ்வளவு என்று பணம் கொடுத்தது. 2024இல் திறந்த இழப்பீட்டுத் திட்டத்திலும், குழந்தையாக ஆறு மாதத்துக்குக் குறைவாக இருந்தவர்களுக்கு எதுவும் இல்லை. ஆறு மாதத்துக்குள் தாயிடமிருந்து பிரித்துத் தத்துக் கொடுக்கப்பட்டவர்கள் எத்தனையோ பேர்.

இனிப் பினாங்கு.

கார்க் நகரத்துக்கும் ஜார்ஜ் டவுனுக்கும் ஒரு பழைய சட்ட உறவு உண்டு. படைவீரர்களுக்குப் பால்வினை நோய் வருகிறது என்று கவலைப்பட்ட பிரிட்டிஷ் அரசு 1864, 1866, 1869 ஆகிய ஆண்டுகளில் தொற்றுநோய்ச் சட்டங்களை இயற்றியது. விபசாரி என்று சந்தேகிக்கப்பட்ட பெண்ணைக் கட்டாயமாகச் சோதிக்கலாம், நோய் இருந்தால் அடைத்துவைத்து வைத்தியம் செய்யலாம். ஆணுக்குச் சோதனை இல்லை. அயர்லாந்தில் அது கார்க்கிலும் குயின்ஸ்டவுன் துறைமுகத்திலும் கர்ரா படைமுகாமிலும் நடைமுறைக்கு வந்தது. 1870இல் அதே வகைச் சட்டம் நீரிணைக் குடியேற்றங்களுக்கும், அதாவது சிங்கப்பூர், மலாக்கா, பினாங்கு ஆகியவற்றுக்கும் வந்தது. சென்னை மாகாணத்திலும் இதே வகைச் சட்டமும் பூட்டிய மருத்துவமனைகளும் இருந்தன. பெண்ணுரிமைப் போராளி ஜோசஃபின் பட்லரின் நீண்ட போராட்டத்துக்குப் பிறகு 1886இல் பிரிட்டனில் சட்டம் நீக்கப்பட்டது. ஓரிரு ஆண்டில் இங்கேயும் போயிற்று.

சட்டம் போனது, பெண் வணிகம் போகவில்லை. ஆண்கள் பெருவாரியாகவும் பெண்கள் சொற்பமாகவும் இருந்த துறைமுகம் இது. கேம்பல் ஸ்ட்ரீட்டிலும் சிந்த்ரா ஸ்ட்ரீட்டிலும் கம்போங் மலபாரிலும் சீன, ஜப்பானியப் பெண்கள் வைக்கப்பட்டிருந்தார்கள். ஜாலான் பி. ராம்லியில் உள்ள ஜப்பானிய இடுகாட்டில் அந்தப் பெண்களில் சிலர் இன்றும் கிடக்கிறார்கள். வறுமையில் விற்கப்பட்ட சிறுமிகள் கப்பல் கப்பலாக வந்தார்கள். சிலர் விபசார விடுதிக்கு, சிலர் மூய் சாய் என்று சொல்லப்பட்ட வீட்டு அடிமைகளாகச் செல்வர் மாளிகைகளுக்கு. இதைத் தடுக்கத்தான் 1880களின் இறுதியில் பெண்கள், சிறுமியர் பாதுகாப்புச் சட்டமும், அதோடு போ லியுங் குக் என்ற காப்பகமும் வந்தன. ஹாங்காங்கில் 1878இல் தோன்றிய அமைப்பு அது. கற்பைக் காக்கும் கழகம் என்பது அதன் பொருள். சிங்கப்பூரிலும் பினாங்கிலும் சீன வணிகர்களின் குழுவும் சீனர் பாதுகாவலர் என்ற ஆங்கில அதிகாரியும் சேர்ந்து அதை நடத்தினார்கள். பினாங்குக் காப்பகத்தின் வரலாற்றை நீல் கோவும் கூ கியட் சியூவும் 2004இல் ஒரு நூலாகவே எழுதியிருக்கிறார்கள்.

காப்பகம் உயிர்களைக் காத்தது. அதில் எனக்கு ஐயமில்லை. எஜமானி சூடு வைத்ததால் ஓடிவந்த பத்து வயதுப் பிள்ளைக்கு அந்த வாசல் ஒன்றுதான் இருந்தது. விடுதிக்காரர்களும் இரகசியச் சங்கத்து அடியாட்களும் பெண்களைத் திரும்பத் தூக்கிக்கொண்டு போகக் காத்திருந்ததால் கதவைப் பூட்டியதற்கும் காரணம் இருந்தது. ஆனால் பூட்டு எப்போது திறக்கும் என்பதைப் பார்த்தால் கார்க் நினைவுக்கு வருகிறது. குறிப்பிட்ட வயது வரும்வரை, அல்லது திருமணம் ஆகும்வரை. சமையலும் தையலும் கற்றுக்கொள்ள வேண்டும். மனைவி தேடும் ஆண் பாதுகாவலரிடம் விண்ணப்பம் போடுவான், அவன் தொழில், வருமானம், நடத்தை விசாரிக்கப்படும், பெண் காட்டப்படுவாள். பெண்ணின் சம்மதமும் கேட்கப்பட்டது. வேண்டாம் என்று சொன்னவளுக்குக் காத்திருந்தது அதே கூடம், அதே தையல். வீட்டு வேலைக்குப் போவதோ தத்துப் போவதோ சீனாவுக்குத் திருப்பி அனுப்பப்படுவதோதான் மற்ற வழிகள். தனியாக ஓர் அறை எடுத்து, ஒரு வேலை தேடி வாழலாம் என்ற வழி அந்தப் பட்டியலில் இல்லை. இத்தனைக்கும் விபசார விடுதிகள் 1930வரை அரசுக்குத் தெரிந்தே நடந்தன. சுரண்டப்பட்டவள் பூட்டுக்குள் இருந்தாள், சுரண்டியவன் தெருவில் கடை வைத்திருந்தான்.

மூய் சாய் முறையை ஆராய 1936இல் வூட்ஸ் ஆணையம் வந்தது. அதில் இருந்த ஒரே பெண் எடித் பிக்டன் டர்பர்வில் தனி அறிக்கை எழுதினார். மூய் சாய் என்று பெயரிட்டவர்களை மட்டும் கணக்கெடுத்தால் போதாது, தத்து என்ற பெயரில் கைமாறும் எல்லாச் சிறுமிகளையும் கணக்கில் எடுக்க வேண்டும் என்றார். பெரும்பான்மையரை விட அவர் பார்வை கூர்மையாக இருந்தது என்று பின்னர் மலாயா அரசே அவர் பக்கம் சாய்ந்தது.

போ லியுங் குக் சீனப் பெண்களுக்கானது. தமிழ்ப் பெண்களுக்கு எந்தச் சுவர் என்று கேட்டால், அது நீரிணைக்கு அக்கரையில் செபராங் பிறையின் கரும்புத் தோட்டங்களில் இருந்தது. ஒப்பந்தக் கூலியாக வந்தவள் தோட்டத்தை விட்டுப் போனால் குற்றம். பிடித்துக் கொண்டுவந்து தண்டிக்கச் சட்டம் இடம் கொடுத்தது. அடிக்கும் புருஷனிடமிருந்தோ கையைப் பிடித்திழுக்கும் கங்காணியிடமிருந்தோ ஓடினாலும் ஏட்டில் அது ஓட்டம்தான். 1910இல் இந்திய ஒப்பந்த முறை மலாயாவில் முடிவுக்கு வரும்வரை இது நீடித்தது. ஐரிஷ் காவலர்கள் எந்தச் சட்டமும் இல்லாமல் பெண்களைச் சலவைக்கூடத்துக்குத் திருப்பினார்கள். இங்கே சட்டத்தோடே திருப்பினார்கள்.

இப்போது லைட் ஸ்ட்ரீட் கான்வெண்ட்டுக்கு வருவோம். 1859இல் பழைய அரசு மாளிகையை வாங்கி அங்கே குடிபோன சகோதரிகள், பள்ளியோடு அனாதை இல்லமும் நடத்தினார்கள். வாசலில் விடப்பட்ட பெண் குழந்தைகளை எடுத்து வளர்த்தார்கள். மலாயாக் கான்வெண்ட்டுகளில் அனாதைப் பெண்கள் பூவேலையும் தையலும் செய்தார்கள். அதன் வருமானம் இல்லத்துக்குப் போயிற்று. கத்தோலிக்க மாப்பிள்ளைகள் மதரிடம் வந்து பெண் கேட்டார்கள். கட்டணம் கட்டிப் படித்த மாணவிக்கும் அனாதைப் பிள்ளைக்கும் சோற்றிலும் மரியாதையிலும் வேறுபாடு இருந்ததையும் மறைக்க வேண்டியதில்லை. ஆனாலும் இது சலவைக்கூடமாக ஆகவில்லை. சகோதரிகளின் குணம் நல்லது என்று சொல்லி விட்டுவிடலாம். எனக்கு அது போதவில்லை. கார்க்கில் இருந்த கன்னியரும் அதே கிராமங்களில், அதே மாதிரிக் குடும்பங்களில் பிறந்தவர்கள்தான்.

பினாங்கில் திருச்சபை சிறுபான்மை. கான்வெண்ட் மாணவிகளில் பௌத்தர், இந்து, முஸ்லிம், யூரேசியர் எல்லோரும் இருந்தார்கள். காலையில் வந்து மாலையில் வீடு திரும்பி அம்மாவிடம் எல்லாவற்றையும் சொன்னார்கள். கல்வி இலாகா மானியம் கொடுத்தது, அதனால் கணக்கும் பார்த்தது. இல்லத்திலிருந்து ஒரு பெண் ஓடிப்போனால், அவளைப் பிடித்து வா என்று காவல் நிலையத்துக்கு உத்தரவு போடும் செல்வாக்கு மதருக்கு இல்லை. அயர்லாந்தில் மடத்துத் தலைவியும் மாஜிஸ்திரேட்டும் பங்குச் சாமியாரும் பெண்ணின் தகப்பனும் ஒரே கோவிலில் ஒரே பலிபீடத்தின் முன் மண்டியிட்டவர்கள். ஒருவர் அடைக்க, மற்றவர் கேள்வி கேட்க என்று அங்கே இரண்டு தரப்பே இல்லை. பினாங்கில் காவலரை ஏவும் வல்லமை பாதுகாவலர் அலுவலகத்திடமும் தோட்டத் துரையிடமும் இருந்தது. பெண்கள் அடைபட்டதும் அங்கேதான்.

நல்லாயன் சபையை எடுத்துக்கொண்டால் இது இன்னும் தெளிவாகும். லிமரிக்கிலும் கார்க்கிலும் சலவைக்கூடம் நடத்திய அதே சபை 1854இல் பெங்களூருக்கு வந்து பள்ளிகளும் செயிண்ட் மார்த்தா மருத்துவமனையும் நிறுவியது. மலேசியாவில் அடிபட்டு ஓடிவரும் பெண்களுக்கும் நெருக்கடியில் இருக்கும் இளம் தாய்மாருக்கும் இன்று புகலிடம் தருகிறது. வந்தவள் விரும்பும்போது போகிறாள். சபை ஒன்றுதான், அதைச் சுற்றி நின்ற சமுதாயம் வேறு. இது சபைக்குப் பாவமன்னிப்புக் கொடுப்பதாகாது. ஐரிஷ் பெண்களின் கூலி இன்னும் கொடுக்கப்படாத கடன்.

ஆகவே அங்கி அணிந்தவர்களை மட்டும் தேடினால் இன்றைய கதவுகள் நம் கண்ணில் படாது. இந்தியாவில் 1956ஆம் ஆண்டின் ஒழுக்கக்கேடான வணிகத் தடுப்புச் சட்டம், மீட்கப்பட்ட பெண்ணை ஓராண்டு முதல் மூன்றாண்டுவரை பாதுகாப்பு இல்லத்தில் வைக்க மாஜிஸ்திரேட்டுக்கு அதிகாரம் தருகிறது. வயது வந்த பெண்களை அவர்கள் விருப்பத்துக்கு மாறாக வைத்திருக்க முடியாது என்று பம்பாய் உயர் நீதிமன்றம் 2020இல் மூன்று பெண்களை விடுவித்தது. 2022 மே மாதம் உச்ச நீதிமன்றம், இப்படி அடைபட்டிருக்கும் வயது வந்த பெண்களைக் கணக்கெடுத்து விடுவிக்க மாநிலங்களுக்கு ஆணையிட்டது. கணக்கெடுக்கச் சொல்வதற்குள் 66 ஆண்டுகள் கழிந்திருந்தன. இலங்கையில் 1841ஆம் ஆண்டின் அலைந்து திரிவோர் சட்டத்தின் கீழ்ப் பிடிபடும் பெண்கள் கங்கொடவிலவில் உள்ள மெத்செவன இல்லத்துக்கு இன்றும் அனுப்பப்படுகிறார்கள்.

ஆவணங்களைப் பற்றி ஒரு சொல். அயர்லாந்திலும் மலாயாவிலும் தத்தெடுப்புச் சட்டம் வந்தது 1952 என்ற ஒரே ஆண்டில். ஐரிஷ் பிள்ளைகள் தம் பிறப்புச் சான்றிதழைப் பார்க்கும் உரிமைக்கு 2022வரை காத்திருந்தார்கள். நம்மிடையே, பினாங்கிலும் பேராக்கிலும், சீனக் குழந்தையாகப் பிறந்து தமிழ்த் தாயின் மடியில் வளர்ந்து, பொட்டும் பூவுமாய் நிற்கும் அக்காமார் எத்தனை பேர்! பெண் குழந்தை வேண்டாம் என்று ஒரு வீடு கொடுத்ததை இன்னொரு வீடு ஆசையோடு வாங்கிக்கொண்டது. அந்த அன்பு சலவைக்கூடத்தின் நேர் எதிர். ஆனால் பெற்றவள் யார், ஏன் கொடுத்தாள் என்று தேடும்போது அவர்களும் ஐரிஷ் பிள்ளைகளைப் போலவே வெற்றுத் தாளைத்தான் பார்க்கிறார்கள்.

மலேசியாவில் 1946இல் அமைந்த சமூகநல இலாகா பழைய பாதுகாவலரின் பணிகளை ஏற்றது. 1973ஆம் ஆண்டின் பெண்கள், சிறுமியர் பாதுகாப்புச் சட்டம் பெயரிலேயே 1880களின் வாரிசு. ஒழுக்க ஆபத்தில் இருக்கும் 21 வயதுக்குட்பட்ட பெண்ணைப் புகலிடத்தில் வைக்க அது வழிசெய்தது. 2001ஆம் ஆண்டின் குழந்தைகள் சட்டம் வந்தபோது அது நீங்கியது. வயது 18 ஆனது. மொழி மென்மையானது, குழந்தையின் நலன் முன்னுக்கு வந்தது. அந்த இலாகா பெண்களுக்காக நடத்தும் தாமான் ஸ்ரீ புத்திரி இல்லங்களில் பணிபுரியும் பெண்களின் அக்கறையைக் குறைத்துப் பேச எனக்கு மனமில்லை.

ஆனால் புதிய சட்டத்தின் 46ஆம் பிரிவு, தம் கட்டுக்கு அடங்கவில்லை, தீய சகவாசத்தில் விழுகிறாள் என்று பெற்றோர் எழுத்தில் கேட்டுக்கொண்டால், குழந்தைகள் நீதிமன்றம் பிள்ளையை இல்லத்தில் வைக்க ஆணையிட இடம் தருகிறது. விசாரணை உண்டு, நன்னடத்தை அதிகாரியின் அறிக்கை உண்டு. இவை கார்க் பெண்களுக்கு என்றும் கிடைக்காதவை. இருந்தும், குற்றம் எதுவும் செய்யாத பதினைந்து வயதுப் பெண் ஒருத்தி, வேறு இனத்துப் பையனைக் காதலித்ததற்காகவோ வீட்டில் நடந்த கொடுமைக்குப் பயந்து இரவில் ஓடியதற்காகவோ, பெற்றவர்களின் கடிதத்தால் ஆண்டுக்கணக்கில் அடைக்கப்பட அதில் வழி இருக்கிறது. அவளுக்கென்று ஒரு வழக்கறிஞர் அந்த அறையில் இருக்க வேண்டும், அரசு செலவில். அவள் தங்கியிருக்கும் ஒவ்வொரு மாதத்துக்கும் காரணம் எழுதப்பட வேண்டும், அந்தக் கோப்பு அவள் வளர்ந்து வந்து கேட்கும்போது அவள் கையில் கொடுக்கப்பட வேண்டும். போ லியுங் குக்கில் இருந்த பெண்களில் ஒருத்திக்கும் அப்படியொரு கோப்பைக் கேட்கும் உரிமை இருந்ததில்லை.